குனிந்தவள் பாடவில்லை

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். இங்கே நானும் உன் அம்மாவும் நலம். என் கோபமும் நலம். ஊர் திரும்பியதிலிருந்து நன்றாகத் தின்று கொழுத்திருக்கிறது. எட்டாம் வகுப்பைத் தாண்டாதவன் கோபத்தில் எழுதினால் கையெழுத்து எந்த லட்சணத்தில் இருக்கும் என்று உனக்குத் தெரியும். பொறுத்து வாசி.

"இந்த நாடகத்துலயும் எல்லாப் பாட்டும் நான்தான்ப்பா" என்று நீ போனில் சொன்னதை நம்பி, புதுச் சட்டை மாட்டிக்கொண்டு கிளம்பினேன். உன்னிடம் சொல்லாமல் வந்தது என் புத்திசாலித்தனம். மூக்குக்கண்ணாடியை வீட்டில் விட்டு வந்தது அதைவிடப் பெரிய புத்திசாலித்தனம். பக்கத்து நாற்காலிக்காரரிடம், கதாநாயகி நம்ம பொண்ணுதான் என்று பீற்றிக்கொண்டேன். மேடையில் ஒரு சிவப்பு உடை வந்து சுழன்றது. பவுடர் பூசினால் இவ்வளவு வயது குறையுமா என்று வாயைப் பிளந்தேன். லாரி ஓட்டிப் பாதிக் காது செத்தவன்தான். ஆனால் உன் குரலுக்கு மீதிக் காது போதும். நீதான், சந்தேகமே இல்லை.

கடைசிப் பாட்டு முடிகிற நேரம் சிவப்பு உடை குனிந்து கும்பிட்டது. குரல் நிற்கவில்லை. இடப்பக்கக் கறுப்புத் திரையிலிருந்து வந்துகொண்டே இருந்தது. அரங்கில் சிரிப்பு கிளம்பியது. பக்கத்துக்காரர் என் தோளைத் தட்டி, "என்னங்க, உங்க பொண்ணு வாயை மூடிக்கிட்டும் பாடுவாங்களா?" என்று கேட்டார்.

திரைக்குப் பின்னால் ஓடி வந்தேன். கவிழ்த்த மரப்பெட்டிமேல் கறுப்பு உடையில் நீ உட்கார்ந்திருந்தாய். அவ குனிஞ்சது தெரியலையா என்று நாடகக் கம்பெனி முதலாளி உன்னை வறுத்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டதும் பேச்சில் தேன் தடவி, "பெரியவரே, முகத்துக்குத்தான் வயசாயிடுச்சு, குரலுக்கு இல்லையே. அதான் வர்ற வெள்ளிக்கிழமை அடுத்த வருஷ ஒப்பந்தத்துக்கும் கையெழுத்து வாங்கறோம்" என்றார். அவர் தலையில் இருப்பது சொந்த முடி இல்லை என்பது எனக்குக் கண்ணாடி இல்லாமலே தெரிந்தது. சொல்ல வாயெடுத்தேன். சத்தம் போடாதீங்கப்பா என்று நீ கையைப் பிடித்தாய். அப்படியே ஊர் திரும்பிவிட்டேன். வழியெல்லாம் பல்லைக் கடித்ததில் கட்டின பல் ஆடுகிறது.

யாருக்கு வயதாகிவிட்டதாம்? அந்தக் கம்பெனியில் மரமாக நின்றாய், தோழியாக ஆடினாய், அப்புறம்தான் ராணியானாய். காய்ச்சலோடு பாடி, இடைவேளையில் வாந்தியெடுத்து, மறுபடி கிரீடத்தோடு வந்து நின்றாய். நீ நிரப்பிய அரங்கில் உன்னையே திரைபோட்டு மறைத்திருக்கிறான். (அவர் அவனாகிவிட்டார், இருக்கட்டும்.) அந்தச் சிவப்பு உடைப் பெண்மேல் எனக்குக் கோபமில்லை. அவளும் ஒரு வீட்டுப் பிள்ளை. அவள் முகத்துக்கும் வயதாகும். அன்றைக்கு அவளுக்கு அந்தப் பெட்டிகூடக் கிடைக்காது.

உன்மேலும் கோபம்தான். மரமாக நின்றபோது, "வலது பக்க மரம் நான், வந்து பாருங்கப்பா" என்று கூப்பிட்டவள், இதை மறைத்துவிட்டாயே! வீட்டுக்கு வந்ததும், என்ன கலர் டிரஸ் போட்டிருந்தா என்று அம்மா கேட்டாள். கறுப்பு என்றேன். பொய் சொல்லவில்லை.

வீட்டில் உன் அறை அப்படியே இருக்கிறது, சோறும் இருக்கிறது. பெட்டிமேல் உட்காரத்தான் கையெழுத்து என்றால் போடாதே.

ஒன்று மட்டும் என் மண்டையைக் குடைகிறது. பாட்டை எங்கே நிறுத்த வேண்டும் என்று தெரியாதவளா நீ? அந்தக் கடைசி இழுப்பு தானாக நீளவில்லை, நீதான் நீட்டினாய். இல்லையென்று சொல்லிவிடாதே. அந்த ஒரு இழுப்பை வைத்துக்கொண்டுதான் நான் இரண்டு வேளை சாப்பிடுகிறேன்.

வியாழக்கிழமை கடைசி ஆட்டத்துக்கு அம்மாவையும் கூட்டிக்கொண்டு வருகிறேன், இந்த முறை கண்ணாடியோடு. இடது ஓரத்தில்தான் உட்காருவோம். அவள் குனியட்டும். நீ நிறுத்தாதே, பாடிக்கொண்டே எழுந்து நட. பெட்டிக்கும் மேடைக்கும் நடுவே இருப்பது வெறும் துணிதான். நான் தொட்டுப் பார்த்தேன்.

உன் மூச்சு நீண்டிருக்கட்டும், தாயே.

கோபம் தணியாத
அப்பா