கிள்ளைப் பூங்காக் கல்லில் வெட்டவிருக்கும் என் பெயர் குறித்து

அனுப்புநர்
கோ. வைத்திலிங்கம் (வயது 76),
ஓய்வுபெற்ற ரயில்வே பாயின்ட்ஸ்மேன்,
தெற்குத் தெரு, கிள்ளை.

பெறுநர்
செயல் அலுவலர் அவர்கள்,
பேரூராட்சி அலுவலகம், கிள்ளை.

பொருள்: பூங்காக் கல்வெட்டில் ஆள் மாறியிருப்பதைத் திருத்தக் கோருவது தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. 1971 போரின்போது கடலூர் யார்டில் உருண்டோடிய ராணுவ வேகனைத் தனி ஆளாக நிறுத்தியவன் என்று சென்ற சுதந்திர தினத்தன்று எனக்குச் சால்வை அணிவித்தீர்கள். "நிறுத்துனது நீங்கதானே?" என்று மைக்கில் கேட்டார்கள். சால்வை கழுத்தில் விழுந்துவிட்டதால் தலையாட்டிவிட்டேன். தவறு என்னுடையதே.

2. யார்டில் தனி ஆள் வேலை என்று ஒன்று கிடையாது. ஒருவர் பாயின்ட் மாற்ற, ஒருவர் கொக்கி மாட்ட, ஒருவர் கொடி காட்ட வேண்டும். அன்று வேகனைத் துரத்தியோடி, கை பிரேக்கில் தொங்கி நிறுத்தியவர் அடுத்த தெரு லூர்துசாமி. அதே லைனில் சிப்பாய்கள் தண்டவாளத்தில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். நான் செய்தது, கத்தியது மட்டுமே. லூர்துசாமியின் காக்கி டவுசர் கிழிந்துபோனது. சிப்பாய்கள் அவருக்கு ஒரு கால்சட்டை கொடுத்தார்கள். அதில் இரண்டு லூர்துசாமி நுழையலாம்.

3. சால்வை வாங்கியது முதல் டீக்கடையில் என்னைக் கண்டாலே அவர், "தனியாளு வந்துட்டாரு, எடம் வுடுங்கப்பா" என்கிறார். சண்டை போட்டிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். "26ஆம் தேதி கல்லு தெறக்கறப்ப மொத வரிசையில ஒக்காந்து கை தட்டுவேன் மச்சான்" என்று வேறு சொல்லியிருக்கிறார். நிச்சயம் தட்டுவார். அதை எப்படி ஐயா பார்த்துக்கொண்டு நிற்பது?

4. என் மனைவி பவானிக்கும் தெரியாத ஒன்றை எழுதுகிறேன். அந்த வேகனுக்குக் கை பிரேக் போட வேண்டியவன் நான். தார்ப்பாய்க்குள் பீரங்கி இருக்கிறதா என்று எட்டிப் பார்க்கும் ஆசையில் மறந்துவிட்டேன். மேலதிகாரி விசாரித்தபோது லூர்துசாமி, "பிரேக் பின்னு தானா கழண்டுகிச்சிங்க" என்றார். உண்மையைச் சொல்லியிருந்தால், தற்காலிகப் பணியாளனான என்னை அன்றே வீட்டுக்கு அனுப்பியிருப்பார்கள். அந்த ஒரு பொய்யால்தான் முப்பத்தெட்டு ஆண்டு ரயில்வேயில் இருந்தேன். இதுவரை அவர் அதைச் சொல்லிக்காட்டியதில்லை.

5. கல் வேலை செய்யும் பாலகுமார் வியாழக்கிழமை எழுத்து வெட்டத் தொடங்குகிறார். அதற்குள் லூர்துசாமியின் பெயரை எழுதிக்கொடுத்து உதவுமாறு பணிவுடன் வேண்டுகிறேன். என் பெயரும் இருந்தே தீர வேண்டுமானால், கீழே சிறிய எழுத்தில் 'பிரேக் போட மறந்தவர்' என்று வெட்டிக்கொள்ள எனக்கு ஆட்சேபணை இல்லை. 26ஆம் தேதி முதல் வரிசையில் உட்கார்ந்து நான் கை தட்டுகிறேன்.

இப்படிக்கு,
கோ. வைத்திலிங்கம்

இடம்: கிள்ளை
நாள்: 05.01.2026

இணைப்பு: சால்வை ஒன்று (துவைத்தது).