பாவாயி கேட்ட படம்

நாமக்கல்
14-3-1938

அம்மாவுக்கு மரகதம் வணக்கத்துடன் எழுதுவது. உங்கள் மூட்டுவலி எப்படி இருக்கிறது? நான் நலம். இங்கே வைசூரி தணிந்துவிட்டது. நானும் அம்மை குத்திக்கொண்டேன், கவலை வேண்டாம்.

என் அறைச் சுவரில் பால் கோகன் வரைந்த தீவுப் பெண்ணின் அச்சுப்படம் ஒன்று இருந்தது. பெண்டாட்டி பிள்ளைகளை விட்டுவிட்டுத் தீவுக்குப் போன பிரெஞ்சுக்காரர். ஓவிய வகுப்பில் அவருடைய வண்ணங்களைப் புகழ்வேன், மனிதரை அல்ல. பள்ளிக்குத் தண்ணீர் எடுக்கும் பாவாயி நேற்று அந்தப் படத்தின் முன்னால் நின்றுவிட்டாள். போன மாதம் வைசூரியில் மகளைப் பறிகொடுத்தவள்.

"இது எம் புள்ளைதானுங்க. எனக்குக் குடுத்துருங்க."

"இவள் வேறு நாட்டுப் பெண், பாவாயி."

"இருக்கட்டுங்க. போறப்ப எம் புள்ளைக்கு மூஞ்சியே தெரியலீங்க, அத்தனை முத்து. இதுல ஒண்ணுகூட இல்லீங்களே."

கழற்றிக் கொடுத்துவிட்டேன். இன்று அவள் வீட்டுக்குப் போய்ப் பார்த்தேன். படத்தைச் சுவரில் மாட்டி, அந்தப் பெண்ணின் நெற்றியில் குங்குமம் வைத்து விளக்கேற்றியிருக்கிறாள். கோகனுக்கும் மகள் இறந்த செய்தி தீவில் கடிதமாகத்தான் வந்ததாம்.

கருப்பட்டி இருந்தால் அனுப்புங்கள். கூடவே உங்கள் போட்டோ ஒன்று எடுத்து அனுப்புங்கள். எடுத்தால் ஆயுள் குறையும் என்பீர்கள், குறையாது. தபால் கட்டும் நேரமாகிவிட்டது. போட்டோவைச் சுவரில் மாட்ட மாட்டேன், அம்மா. மேசைமேல்தான் வைத்துக்கொள்வேன்.

மரகதம்