கருங்காளானுக்கு உப்பு

அன்புள்ள மகள் அராசெலிக்கு,

இது உன் கைக்கு வரும் நாளில் நீயும் மாப்பிள்ளையும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கவேண்டும். இங்கே நானும் அப்பாவும் இருக்கிறோம். சுகமாக என்று எழுதப் போய் நிறுத்திவிட்டேன். இருக்கிறோம். ஃபோனில் சொல்லியிருக்கலாம். சொன்னால் நீ அழுவாய், எனக்கு இப்போதெல்லாம் அழுகை வருவதில்லை, இந்தப் பக்கம் சும்மா ஃபோனைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். கீழ்த்தெரு மெல்சோரின் மகள் வியாழக்கிழமை சிகாகோவுக்குத் திரும்புகிறாள், அவளிடம் கொடுத்தனுப்புகிறேன்.

இந்த வருஷம் மழை குறைவில்லை. வாய்க்கால் ஓரத்து நான்கு வரிசை மக்காச்சோளத்தில் கருங்காளான் பிடித்து, கதிரெல்லாம் தோலைப் பிளந்துகொண்டு வீங்கி நிற்கிறது. நாய் மூன்று குட்டி போட்டது, ஒன்று பிழைக்கவில்லை. அப்பாவுக்கு மே மாதத்திலிருந்து கால் வீக்கம். செருப்பு வார் அழுத்திய பள்ளம் மதியம்வரை அப்படியே இருக்கும். டாக்டரம்மா இரத்த அழுத்தம் ஏறியிருக்கிறது என்றாள், சமையலில் உப்பு எவ்வளவு போடுறீங்க என்று கேட்டாள், எப்பவும் போடுறதுதான் என்றேன். அதைப் பொய் என்று நினைத்துச் சொல்லவில்லை.

உன்னிடம் ஒன்று மறைத்தேன். பிப்ரவரியில் எங்கள் இருவருக்கும் காய்ச்சல் வந்ததே, பதினோரு நாளில் போய்விட்டது என்று சொன்னேனே. காய்ச்சல் போயிற்று. எனக்கு வாசனை திரும்பவில்லை. நாக்கில் உப்பும் இல்லை, புளிப்பும் இல்லை. ஒருநாள் பீன்ஸ் பானை அடிப்பிடித்துக் கருகியது, பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன், புகை கண்ணில் பட்ட பிறகுதான் எழுந்தேன். யாரிடமும் சொல்லவில்லை. கை பழகின கைதானே, அது தன்பாட்டுக்குப் போடும் என்று விட்டுவிட்டேன். அப்பாவைப் பற்றி உனக்குத் தெரியும். குறை சொல்லாமல் ஒரு வாய் வைத்தவரா. முன்பெல்லாம், என்னடி இது, அடுத்த வீட்டு அடுப்புல வெந்ததா, பாதிதான் வெந்திருக்கு என்பார். பிப்ரவரிக்குப் பிறகு ஒரு சொல் இல்லை. நல்லா இருக்கு என்பார், தட்டைத் தள்ளுவார், எழுந்து போவார். காரணம் எனக்குத் தெரிந்துவிட்டது என்று நினைத்தேன். அவர் கண்டுபிடித்துவிட்டார், என்மேல் இரக்கப்பட்டு வாயை மூடிக்கொண்டு சாப்பிடுகிறார். ஆறு மாதம் அந்த நினைப்பை வைத்துக்கொண்டுதான் அடுப்பைப் பற்றவைத்தேன்.

போன புதன்கிழமை சமைக்கக் கருங்காளான் பறித்தேன். மூக்கு இல்லாததால் கட்டைவிரலால் பார்த்தேன். அமுக்கினால் பஞ்சுபோல் உள்ளே போய்த் திரும்பி வரவேண்டும், வெள்ளிச் சாம்பல் நிறத் தோல் உடைந்து பொடி உதிர்ந்தால் காலம் கடந்துவிட்டது. எல்லாம் சரியாக இருந்தது. வெங்காயம், பூண்டு, பச்சை மிளகாய் வதக்கி, காளானைப் போட்டு, வாசனைக்கு எபசோத்தே இலையைக் கிள்ளிப் போட்டேன். கருப்பாகச் சாறு விட்டது. உப்பு ஒரு பிடி. கிளறினேன். போட்டோமா என்று ஒரு சந்தேகம். இன்னொரு பிடி. மாவை அச்சில் அமுக்கி, சீஸும் காளானும் வைத்து மடித்து, கல்லில் போட்டு எடுத்தேன். அப்பா நான்கு கேசடியா தின்றார். நல்லா இருக்கு என்றார்.

அப்போதுதான் உன் ஞானத்தாய் சோலே வந்தாள். அவளுக்கு யாரும் வா உட்கார் என்று சொல்லவேண்டியதில்லை. ஒன்றை எடுத்துக் கடித்தாள். மெல்லுவதை நிறுத்தினாள். பல்லெல்லாம் கருப்பாக என்னைப் பார்த்து, ஏண்டி எல்வீரா, யாரைக் கொல்லப் பாக்குற, கடல் தண்ணியிலயா வதக்கின என்றாள். பிறகு அப்பா பக்கம் திரும்பி, ஏண்ணே, நாலு தின்னுட்டு உக்காந்திருக்கியே, உனக்கு நாக்குன்னு ஒண்ணு இருக்கா, இல்ல வாடகைக்கு விட்டுட்டியா என்றாள். அப்பா தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். பிப்ரவரியில இருந்தே எனக்கு ஒண்ணும் தெரியல சோலே, சொன்னா இவ சமைக்கிறத விட்டுடுவான்னு சொல்லல என்றார். எனக்கும்தான் என்றேன். என் குரல் வேறு யாருடையதோபோல் இருந்தது. சோலே முதலில் சிரித்தாள். சிலுவை போட்டுக்கொண்டாள். ரெண்டு குருடங்க ஒருத்தருக்கொருத்தர் வழி காட்டிட்டு இருந்திருக்கீங்க என்றாள். பிறகு அவள் பார்வை அப்பாவின் காலுக்குப் போனது. என் பார்வையும் போனது. அதற்குப் பிறகு அவள் சிரிக்கவில்லை.

அவர் இரக்கப்படவில்லை அராசெலி. அவருக்குத் தெரியவேயில்லை. ஆறு மாதமாக உப்பை அள்ளிப் போட்டு அவர் காலை வீங்கவைத்தது என் கை. இதை நினைத்தால் ஏதாவது தோன்றவேண்டும். பாத்திரம் கழுவினேன். தண்ணீர் குளிர்ந்திருந்தது.

சோலே தினமும் மதியம் ஒரு கரண்டியோடு வந்து ருசி பார்த்துச் சொல்கிறாள். அடுத்த வாரம் மகளின் பிரசவம் பார்க்க அவள் புவெப்லாவுக்குப் போகிறாள், இரண்டு மாதம் ஆகும். இனிமே உப்பே வேண்டாம், யாருக்குத் தெரியப்போகுது என்கிறார் அப்பா. சொன்னபடி நேற்று உப்பில்லாமல் இரண்டு செய்தேன், அவருக்கு ஒன்று எனக்கு ஒன்று. வித்தியாசமே இல்லை. சூடு தெரிந்தது. மிளகாய் எரிந்தது. ஆனால் டிசம்பரில் நீ வருகிறாய். ஒரு ஜாடி காளான் வதக்கி உனக்காக எடுத்துவைக்கவேண்டும். உப்பு சரியா என்பதை நீ கடிக்கும்போது உன் முகத்தைப் பார்த்துத்தான் நான் தெரிந்துகொள்ளவேண்டும் என்று இருக்கக் கூடாது.

நீ அங்கே நேரத்துக்குச் சாப்பிடு. ஈரத் தலையோடு வெளியே போகாதே. மாப்பிள்ளையிடம் சண்டை போட்டால் அன்றைக்கே முடித்துக்கொள், மனதில் இருப்பதை வாயால் சொல்லிவிடு, நாங்கள் செய்ததுபோல் செய்யாதே. கன்னி மாதா உங்கள் இருவரையும் தன் போர்வைக்குள் வைத்துக்கொள்ளட்டும். அப்பாவும் ஆசீர்வாதம் சொல்லச் சொன்னார்.

ஒன்றை மறந்துவிடாதே. ஒன்பதாவது படிக்கும்போது பள்ளிக்கூடத்துக்காக என் சமையலை ஒரு நோட்டில் எழுதினாயே. உப்பு அள்ளிய கையைப் பிடித்து நிறுத்தி, கரண்டியில் கொட்டி அளந்தாய். உப்பை யாராவது அளப்பாங்களாடி என்று நான் சிரித்தேன். அந்த நோட்டை நீ எடுத்துப் போனாய். கருங்காளானுக்கு நேரே எத்தனை கரண்டி என்று போட்டிருக்கிறாய், பார்த்து எழுது.

உன் அம்மா
எல்வீரா