ஜெர்மன் வருத்தம்

செவ்வாய், 4 நவம்பர்

விடியவே தூறல். லண்டன் தோர்ண்டன் ஹீத்தில் ஒரு வீட்டைச் சூடாக்கும் பொயிலர் மாற்றம். பழைய பொயிலரின் குழாய்கள் எல்லாம் துரு. வேலை முடிய மூன்று மணி. சாப்பாடு வாகனத்துக்குள், ஆறிப்போன புட்டு.

ஜெர்மனோபோபியா. ஞாயிறு இரவு துளசி போனில் சொன்ன சொல். எனக்கு அது இருக்கிறதாம். மகள் ஆஸ்பத்திரியில் பிசியோதெரபிஸ்ட். தகப்பனுக்கே ஒரு வருத்தம், நோய் மாதிரி, கண்டுபிடித்துப் பெயரும் சொல்லிவிட்டாள்.

சங்கதி இதுதான். அவளுக்கு ஒரு பொடியன் இருக்கிறான். யோனாஸ். இங்கே பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தி. ஜெர்மன்காரன். இரண்டு வருடப் பழக்கமாம். ஆர்ச்வேயில் ஒரே பிளாட்டில் இருக்கிறார்களாம். சாந்திக்குப் போன பொங்கலுக்கே தெரியும். கட்டின மனுசி, ஒரு வார்த்தை சொல்லவில்லை.

"உங்களிட்டைச் சொன்னா நீங்கள் துள்ளுவியள். அதுதான் சொல்லேல்லை." கரண்டியைக்கூடக் கீழே வைக்காமல் சொல்கிறாள்.

துள்ளினேன்தான். உலகத்தில் வேறு நாடே இல்லையா என்று கேட்டேன். அதற்குத்தான் அந்தச் சொல். ஞாயிறு மத்தியானம் அவனைச் சாப்பாட்டுக்குக் கூட்டி வருகிறாளாம். "அவனை மரியாதையா நடத்துங்கோ அப்பா. இல்லாட்டி நான் இனி மோர்டன் வீட்டுப் பக்கமே வரமாட்டன்." சொன்னதைச் செய்கிற பிள்ளை. என்ர குணம், வேறென்ன.

போனில் தேடிப் பார்த்தேன். ஜெர்மனி மீதும் ஜெர்மானியர் மீதும் உள்ள பயம், வெறுப்பு என்று போட்டிருக்கிறது. கூடவே "காரணமற்ற" என்று ஒரு சொல். அதில்தான் எனக்குக் கோபம் ஏறியது. காரணமற்றதாம். யார் வந்து என்னிடம் கேட்டு எழுதினவன்?

புதன், 5 நவம்பர்

வேலை இரண்டு. ஒன்று வெறும் அழுத்தக் குறைவு, தண்ணீர் ஏற்றிவிட்டு வந்தேன். பின்னேரம் முழுக்க வெடி. இன்றைக்கு இங்கே வாணவேடிக்கை நாள். டிவிச் சத்தத்தைக் கூட்டி வைத்தேன். சாந்தி ஜன்னல் திரையை இழுத்துவிட்டாள். அவளுக்குத் தெரியும்.

துளசிக்குத் தெரியாது. எழுதியாவது வைப்போம்.

ஊர்ச் சண்டைக்குத் தப்பி ஜெர்மனிக்குப் போன புதிது, தொண்ணூறுகளின் தொடக்கம். கிழக்குப் பக்கம் ஒரு சின்ன ஊர். 'ஹைம்' என்று நாங்கள் சொல்லும் அகதி விடுதி, இரண்டாம் மாடி, ஓர் அறைக்குள் நாலு பேர். ஒரு பின்னேரம் கீழே சனம் கூடியது. முதலில் பாட்டு. பிறகு கல், போத்தல், நெருப்பு. நாங்கள் கூரையால் ஏறி அடுத்த கட்டடத்துக்குப் போய்த் தப்பினோம். கை கால் முறியவில்லை, ஒருவரும் சாகவில்லை. அதனால் அது பெரிய செய்தியும் இல்லை.

கல் எறிந்தவர்கள் பத்துப் பதினைந்து பொடியள் இருக்கும். முகத்தை மூடியிருந்தார்கள். மற்றச் சனம் முகத்தை மூடவில்லை. கோட்டுப் போட்ட மனுசர், பிள்ளையைத் தோளில் வைத்த தகப்பன், கடதாசித் தட்டில் வைத்துத் தின்றுகொண்டு பார்த்த பெண்கள். கண்ணாடி விழ விழக் கை தட்டினார்கள். சிரித்தார்கள். எறிந்தவனை நான் மறந்துவிட்டேன். சிரித்தவர்களைத்தான் மறக்க ஏலாமல் இருக்கிறது.

பிறகும் பத்துப் பன்னிரண்டு வருடம் அந்த நாட்டில்தான் இருந்தேன். மேற்குப் பக்கம் போய்த் தொழில் படித்து, கலியாணம் கட்டி, துளசி பிறந்து. நல்ல மனுசரும் இருந்தார்கள், இல்லை என்று சொன்னால் பொய். வேலையிடத்தில் எனக்கு ஒரு பட்டப்பெயர் வைத்திருந்தார்கள், இங்கே எழுத மாட்டேன். வீட்டுக்கு வந்தால் சாந்தி கேட்பாள், என்ன சொன்னவங்கள் என்று. ஒன்றுமில்லை, பகிடி என்பேன்.

வெடி இன்னும் நிற்கவில்லை.

வியாழன், 6 நவம்பர்

மழை விட்டது. குளிர்.

இதில் பெரிய பகிடி, மோர்டன் முழுக்க எனக்கு ஜெர்மன் சிவா என்றுதான் பெயர். ஜெர்மனியிலிருந்து வந்தவன் என்றபடியால். இன்று ஒரு அக்கா போன் எடுத்து, "ஜெர்மன் சிவா தம்பியோ? எங்கட பொயிலரை நீங்கள்தான் பாக்கோணும். ஜெர்மன்காரன்ர வேலை எண்டா நம்பலாம்" என்கிறா. ஓம் அக்கா, வாறன் என்றேன். அந்தப் பெயரில்தான் இத்தனை காலம் பிழைப்பு. பூட்டுகிற பொயிலரிலும் பாதி ஜெர்மன் பொயிலர்.

துளசியின் குற்றச்சாட்டுகள், ஞாபகத்தில் உள்ளவை:
ஜெர்மனி காற்பந்து விளையாடினால் மற்றப் பக்கம் எதுவோ அதற்குக் கை தட்டுகிறேன்.
மலிவென்றாலும் ஜெர்மன் சுப்பர்மார்க்கெட்டுக்குப் போகிறதில்லை.
லண்டன் வந்ததும் அவள் வாயில் இருந்த ஜெர்மன் பாஷையை நிற்பாட்டினேன். ஆறு வயதுப் பிள்ளை. வீட்டில் ஜெர்மனில் கதைத்தால் பதில் சொல்ல மாட்டேன். இரண்டு மாதத்தில் மறந்துவிட்டாள்.



சாந்தியிடம் கேட்டேன், அந்தச் சொல்லுக்குத் தமிழில் என்ன சொல்லலாம் என்று. ஜெர்மானிய வெறுப்பு? ஜெர்மன் எதிர்ப்பு? "வயித்தெரிச்சல் எண்டு போடுங்கோ" என்றாள். பிறகு மெல்ல, "அவன் அந்த நேரம் பிறக்கவே இல்லையப்பா."

அவன் பிறக்கவில்லை. அவன் தகப்பன் பிறந்திருந்தான். யோனாஸும் ஜெர்மனியின் கிழக்குப் பக்கத்து ஊராம். ஞாயிறு சாப்பாட்டு மேசையில் ஒரே ஒரு கேள்வி கேட்பேன்: உன்ர தகப்பன் அகதி விடுதிகள் எரிந்த காலத்தில் எங்கே நின்றவர்? ஆங்கிலத்தில் சொல்லிப் பழகினேன், வாகனத்துக்குள். நல்லாய்த்தான் வருகிறது.

வெள்ளி, 7 நவம்பர்

பக்கத்து வீட்டு டேவ் ஏணி இரவல் கேட்டு வந்தார். இங்கிலீஷ்காரர், ரிட்டயர் ஆன பஸ் டிரைவர். நாங்கள் இந்த வீட்டுக்கு வந்த முதல் கிழமை பால் போத்தலும் பிஸ்கற்றும் கொண்டுவந்து தந்த மனுசன். கோட்டில் சிவப்புப் பொப்பிப் பூ குத்தியிருந்தார். வருகிற ஞாயிறு, உலகப்போர்களில் இறந்தவர்களை இங்கே நினைக்கிற நாள். சாந்தியும் நானும் அதை யோசிக்கவே இல்லை. அன்றைக்குத்தான் ஜெர்மன்காரனுக்கு விருந்து. நல்ல பொருத்தம்.

டேவிடம் அந்தச் சொல்லைக் கேட்டேன். கேள்விப்பட்டதே இல்லையாம். "எங்களுக்கு அப்படி ஒன்றும் கிடையாது. நாங்கள் ஜெர்மன்காரரைப் பகிடி பண்ணுவோம், அவ்வளவுதான். அவங்களுக்குத்தான் பகிடி விளங்காது" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். உண்மையைச் சொன்னால், லண்டனுக்கு வந்த புதிதில் எனக்குப் பிடித்த முதல் விஷயமே இதுதான். வேலையிடம், பஸ், டிவி எங்கும் ஜெர்மன்காரரைப் பகிடி. எனக்கு ஒரு சொந்தக்காரர் கூட்டம் கிடைத்த மாதிரி.

சனி, 8 நவம்பர்

சாந்தி ஆட்டிறைச்சி, கத்தரிக்காய், தேங்காய் என்று கடைகடையாய் அலைய வைத்தாள். மாப்பிள்ளை வருகிற எடுப்பு. பைகளைத் தூக்கினது நான்.

அவள் மீன் கடைக்குள் போன நேரம் வாகனத்தில் இருந்து மறுபடி போனில் வாசித்தேன். முதலாம் உலகப்போர் நேரம் இந்த லண்டனிலேயே ஜெர்மன் பெயர் போட்ட பேக்கரி, இறைச்சிக்கடைக் கண்ணாடியெல்லாம் உடைத்திருக்கிறார்கள். ஜெர்மன் பெயருள்ள சனம் தங்கள் பெயரையே மாற்றிக்கொண்டு இருந்திருக்கிறது. இந்தச் சொல்லை அதற்கும் பாவிக்கிறார்கள். இன்றைக்குப் பள்ளிக்கூடத்தில் நடக்கிற பகிடிக்கும் பாவிக்கிறார்கள். கடைகளை உடைத்த இடத்தை வாசிக்கக் கொஞ்சம் சந்தோஷமாய் இருந்தது. நல்லாய் வேணும் என்று நினைத்தேன். ஒரு பேக்கரிக்காரன் எனக்கு என்ன செய்தான்? சீ. போனை நிற்பாட்டிவிட்டேன்.

ஞாயிறு, 9 நவம்பர்

வெயில். காலை பதினொரு மணிக்குப் போரில் இறந்தவர்களுக்கு இரண்டு நிமிட மௌனம், டிவியில் பார்த்தோம்.

வந்தான். நெட்டையன், மெலிந்தவன். சப்பாத்தை வாசலில் கழற்றி ஓரமாய் வைத்தான். துளசி சொல்லிக் கொடுத்திருப்பாள். இடியப்பத்தைக் கையால் குழைத்துச் சாப்பிட்டான், சொதி முழங்கைவரை ஓடியது. சாந்திக்கு அதிலேயே பிடித்துப்போயிற்று. "இன்னும் கொஞ்சம் வையுங்கோ, பிள்ளை மெலிஞ்சு போய் இருக்கு" என்கிறாள் எனக்கு. நானும் வைத்தேன். அவனைப் பிடிக்காமல் இருக்க நல்லாய்த்தான் முயன்றேன். பொயிலர் எப்படி வேலை செய்கிறது என்று கேட்டான், நான் சொல்லச் சொல்ல உண்மையிலேயே கேட்டான். துளசி என்னைப் பார்த்த பார்வையில் ஒரு சின்ன நம்பிக்கை. என் கேள்வியைத் தேத்தண்ணீர் குடிக்கும்போது கேட்கலாம் என்று விட்டுவிட்டேன்.

அப்போதுதான் டேவ் ஏணியைத் திருப்பித் தர வந்தார். சாந்தி உள்ளே கூப்பிட்டு ரோல் கொடுத்தாள். துளசி அறிமுகப்படுத்தினாள், இது யோனாஸ், ஜெர்மனியிலிருந்து.

"ஜெர்மனா? இன்றைக்கென்று பார்த்தா வந்தாய்?"

சொல்லிக்கொண்டே டேவ் விரலை மூக்குக்குக் கீழே மீசையாய் வைத்து, மற்றக் கையை நாஜிகள் மாதிரி நீட்டி உயர்த்தி, எங்கள் ஹோலுக்குள்ளே விறைப்பாய் நாலு அடி நடந்தார்.

நான் சிரித்தேன். முதலில் சிரித்தது நான்தான். சத்தமாய், வயிற்றைப் பிடித்துக்கொண்டு.

யோனாஸ் புன்னகைத்தான். பல்லைக் காட்டி, கண்ணைத் தாழ்த்தி, வெறும் பிளேட்டில் எதையோ தேடி. அந்தப் புன்னகையை எனக்குத் தெரியும். வருடக்கணக்காய் என் முகத்தில் இருந்தது. வேலையிடத்தில் பட்டப்பெயரைச் சொல்லிக் கூப்பிடும்போது நான் போட்டுக்கொண்ட அதே புன்னகை.

சிரிப்பு நின்ற பிறகுதான் துளசியைப் பார்த்தேன். அவள் டேவைப் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தாள்.

"நாளைக்கு எனக்கு ஏர்லி ஷிப்ட். நாங்கள் வெளிக்கிடுறம் அம்மா."

தேத்தண்ணீர் குடிக்கவில்லை. அவன் பிளேட்டைக் கழுவி வைத்துவிட்டுத்தான் போனான்.

திங்கள், 10 நவம்பர்

மழை. வேலைக்குப் போகவில்லை. அந்த அக்காவுக்குப் போன் எடுத்து நாளை வாறன் என்றேன்.

துளசியின் மெசேஜ், காலையில்: "ஏன் அப்பா சிரிச்சனீங்கள்? அவனுக்குப் பள்ளிக்கூடத்தில ஒவ்வொரு நாளும் பிள்ளைகள் இதைத்தான் செய்யினம். ஒண்டுமில்லை, பகிடி எண்டு என்னட்டைச் சொல்லுறவன்."

பதில் எழுதி அழித்தேன். டேவ் நல்ல மனுசன், மனதில் ஒன்றும் இல்லை என்று எழுதினேன், அழித்தேன். எனக்கு அங்கே நடந்தது உனக்குத் தெரியுமா என்று எழுதினேன், அதையும் அழித்தேன்.

சாந்தி மூன்று தரம் எடுத்தும் துளசி போனைத் தூக்கவில்லை. நாலாம் தரம் தூக்கினாள். சாந்தி குசினிக் கதவைச் சாத்திக்கொண்டு அவளுக்கு ஹைம் கதையெல்லாம் சொன்னாள். சாந்தி அழுதது வெளியே கேட்டது. வெளியே வந்து எனக்கு: "எல்லாம் கேட்டிட்டு, 'சரி, ஆனா அப்பா ஏன் சிரிச்சவர்?' எண்டுதான் திருப்பியும் கேக்கிறாள். கிறிஸ்மஸுக்கு வாறாயோ எண்டு கேட்டன். தெரியேல்லையாம். என்ர பிள்ளையை இல்லாமல் பண்ணிப்போடாதேங்கோ, சொல்லிப்போட்டன்."

இரவுச் சாப்பாடு பாண், பருப்பு. 

செவ்வாய், 11 நவம்பர்

அக்காவின் பொயிலரைக் காலையில் முடித்தேன். நல்ல வேலை என்றா. பின்னேரம் வாகனத்தை வீட்டில் விட்டுவிட்டு நோர்தேர்ன் லைன் ரயில் பிடித்து ஆர்ச்வே. அங்கே இருக்கிற முருகன் கோயில் பக்கம் போகவில்லை, போனால் அங்கேயே இருந்துவிட்டுத் திரும்பிவிடுவேன் என்று தெரியும். நேரே பிளாட்.

யோனாஸ் கதவைத் திறந்தான். துளசி இன்னும் வேலையால் வரவில்லை. ஞாயிறு நான் சிரித்தது பிழை, மன்னிக்க வேணும் என்றேன். சொல்லிப் பழகாமலே வந்தது. பரவாயில்லை என்றான், பழக்கமாம். பரவாயில்லை என்று சொல்லாதே என்றேன், கொஞ்சம் கோபமாகவே.

தேத்தண்ணீர் போட்டான், பால் கூடிப்போயிற்று. ஹைமில் எனக்கு நடந்ததைத் துளசி நேற்று இரவு அவனுக்குச் சொன்னாளாம். நான் கேட்க வைத்திருந்த கேள்வியை நான் கேட்கவில்லை. அவனாகவே சொன்னான்:

"எங்கள் ஊரிலும் அப்படி ஒரு விடுதி எரிந்தது. படிக்கிற காலத்தில் அப்பாவிடம் கேட்டேன், அன்றைக்கு நீங்கள் எங்கே நின்றீர்கள் என்று. பதில் இல்லை. எழும்பித் தோட்டத்துக்குப் போய்விட்டார். பிறகும் கேட்டேன். பிறகும் இல்லை. நான் இப்போது வீட்டுக்குப் போகிறதில்லை, கிறிஸ்மஸுக்கும் இல்லை. அம்மாவோடு மட்டும் போனில் பேசுகிறேன்." கோப்பையைச் சுற்றிக்கொண்டே இருந்தான். "அவர் எறிந்திருந்தாலும் பரவாயில்லை என்று சில நேரம் நினைப்பேன். ஒரு பதில் சொல்லியிருக்கலாம்."

எனக்கு அந்த மனுசனைத் தெரியாது. தோட்டத்தில் நிற்கிற ஒரு கிழவன். அவனை வெறுக்கத்தான் வந்தவன் போல இத்தனை வருடம் இருந்தேன். இன்றைக்கு அவனை நினைக்கப் பயமாய் இருந்தது, பதில் சொல்லாமல் பிள்ளையைத் தொலைத்த ஒரு தகப்பன்.

சாவி சத்தம். துளசி. நனைந்த கோட்டு, கையில் பை. என்னைக் கண்டதும் அப்படியே நின்றாள். வணக்கமும் இல்லை, அப்பா எப்ப வந்தனீங்கள் என்றும் இல்லை.

"ஏன் சிரிச்சனீங்கள்?"

ரயிலில் வரும்போது நாலு பதில் யோசித்து வைத்திருந்தேன். எல்லாம் நல்ல பதில்கள், ஒன்றும் உண்மை இல்லை.

"அவனைப் பகிடி பண்ணச் சந்தோஷமா இருந்தது பிள்ளை," என்றேன். "அதுதான் சிரிச்சனான்."