ஸுர்ஆ

ஒக்டோபர் 17, 2024

மதரஸாவுக்குத் திரும்பப் போன முதல் நாள். பிள்ளைகள் வழமையைவிட அமைதியாக இருந்தார்கள். யாரோ சொல்லி வைத்திருக்கிறார்கள்.

பாடம் முடிந்து செருப்பைப் போடும்போது அடுத்த தெருப் பரீனா போனை நீட்டிக்கொண்டு வந்தாள். "டீச்சர், புள்ளைக்கிப் பேர் ஒண்டு வேணும். புதுசா, ஊருல ஒருத்தருக்கும் இல்லாததா." போனில் ஐம்பது பெயராவது இருக்கும். அதில் பாதிக்குப் பொருள் 'சுவர்க்கத்துப் பூ', மீதிக்கு 'அழகிய இளவரசி'. மற்ற நாளென்றால் ஒவ்வொன்றாகப் பிரித்து மேய்ந்திருப்பேன் – இது அரபியே இல்லை, இது ஒட்டகத்துக்குச் சொல்வது, இது எவனோ இருந்த இடத்தில் இருந்து கட்டிவிட்டது என்று. அதுதானே என் பெருமை. ஏறாவூரில் இப்போது தவழ்கிற பிள்ளைகளில் பாதிக்கு நான்தான் பெயர் எடுத்துக் கொடுத்தேன் என்று தங்கச்சி புருசன் பகிடி பண்ணுவான்.

இன்றைக்கு "எனக்குத் தெரியாது" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். அவள் முகம் கறுத்துப் போயிற்று. போகட்டும்.

ஒக்டோபர் 18

பால் கட்டி நோகிறது. யாருக்கு இது?

ஒக்டோபர் 20

எழுதத்தான் வேண்டும். எழுதாவிட்டால் நடக்கவே இல்லை என்று ஆகிவிடும். வீட்டில் எல்லோரும் அப்படித்தான் ஆக்கப் பார்க்கிறார்கள்.

வயிற்றில் நாலு மாதம் தாண்டியிருந்தது. பயம் விட்டுப்போயிருந்த நேரம். ஆஸ்பத்திரியில் எல்லாம் முடிந்த பிறகு, "என்ன புள்ள?" என்று கேட்டேன். தாதி முகத்தைத் திருப்பிக்கொண்டு, "சரியாச் சொல்ல ஏலாதும்மா" என்றா. வெள்ளைத் துணியில் சுற்றி என் புருசன் ஜிப்ரியின் கையில் கொடுத்தார்கள். அவர்தான் கொண்டுபோய் மையவாடியில் அடக்கினார். நான் பார்க்கவில்லை. வீட்டுக்கு வந்து குளித்துவிட்டுச் சாப்பிடாமல் படுத்தார். அன்றிலிருந்து இந்த மனுசன் அதைப் பற்றி வாயே திறக்கவில்லை.

உம்மா என் தலைக்கு எண்ணெய் வைத்துக்கொண்டே சொல்கிறா: "அது புள்ள இல்ல மனே, கருவுதானே. கலைஞ்சி போன கருவ நெனச்சி அழுதுக்கிட்டிருந்தா அடுத்ததும் தங்காது." அன்பாகத்தான் சொல்கிறா. அதுதான் தாங்க முடியவில்லை.

நாலு மாதம் கடந்தால் உயிர் ஊதப்பட்டுவிட்டது. குளிப்பாட்ட வேண்டும், கபன் துணி இட வேண்டும், பெயர் வைப்பது சுன்னத், நபிவழி. ஆணா பெண்ணா என்று தெரியாவிட்டால் இரண்டுக்கும் பொருந்துகிற ஒரு பெயர். நான் படிப்பித்த பாடம்தான் இது. பரீட்சைக்கு ஒரு வரி. மூச்சு விடாமல் சொல்லிக்கொடுத்துவிட்டு அடுத்த பாடத்துக்குப் போவேன்.

ஒக்டோபர் 22

இரண்டுக்கும் பொருந்தும் என்று அந்தக் காலத்து இமாம்கள் உதாரணம் சொன்ன பெயர்கள் சிலவே. இன்று முழுக்க அதே நினைவு.

அஸ்மா – எங்கள் தெருவிலேயே மூன்று பேர், மூவரும் பெண்கள். தல்ஹா – இங்கே கேட்டால் மீசை வைத்த ஆள்தான் எல்லோருக்கும் ஞாபகம் வரும். ஹிந்த் வேண்டாம். காரிஜா – பொருளைப் பார்த்தேன், 'வெளியேறுவது'. கிதாபை மூடி வைத்துவிட்டேன். அதற்குப் பிறகு ளுஹர் தொழுகை வரைக்கும் ஒன்றும் செய்ய முடியவில்லை.

கடைசியாக ஸுர்ஆ. ஸரஅ என்றால் விதைத்தான். அதிலிருந்து வந்தது, விதை, விதைப்பு. யெமன் பக்கத்துப் பழைய பெயர். காதுக்குப் பெண் பெயர் மாதிரி இருக்கிறது, ஆனால் வைத்துக்கொண்டவர்களில் ஆண்கள்தான் அதிகம். இந்த ஊரில் ஒருவருக்கும் இல்லை. பரீனா கேட்ட மாதிரியேதான்.

நாங்கள் வயல் விதைப்புக்காரர்தானே. பிள்ளையின் வாப்பாவும் ஸுர்ஆதான், உம்மாவும் ஸுர்ஆதான் என்று சொல்லிப் பார்த்தேன். சிரிப்பு வரப் பார்த்து அழுகை வந்தது.

ஒக்டோபர் 23

ஜிப்ரி கிணற்றடியில் விதைநெல் ஊறப்போட்டுக்கொண்டிருந்தார். பக்கத்தில் போய் நின்று சொன்னேன்: "புள்ளைக்கிப் பேர் வெச்சிட்டன். ஸுர்ஆ." சாக்கைத் தண்ணீரில் அமுக்கிக்கொண்டே இருந்தார். "கேட்டிச்சா?" என்றேன். "ம்" என்றார். என்ன கருத்து என்றுகூடக் கேட்கவில்லை. சாக்கின் வாயைக் கட்டிவிட்டு வெளியே போய்விட்டார்.

கேட்டதோ, கேட்காத மாதிரியோ – யாருக்குத் தெரியும்? நேற்று உம்மாவிடமும் சொன்னேன். "சரி மனே, தூங்கு" என்றா.

நவம்பர் 8

மூன்றாவது வெள்ளிக்கிழமை இப்படி. ஜும்ஆ முடிந்து ஊர் ஆம்பிளைகள் எல்லோரும் சாப்பிட்டுப் படுத்துவிட்டார்கள். இவர் மட்டும் சோறு ஆறிப்போன பிறகு வருகிறார். கேட்டால், "கூட்டாளிமாரோட கதச்சிக்கிட்டு நிண்டன்." கதைக்க வாய் இருக்கிறது போல. வீட்டுக்கு வரும்போதுதான் அதைக் கழற்றி வைத்துவிட்டு வருகிறார்.

எனக்குக் கோபம்தான். இன்றைக்குச் சோறு போட்டுக் கொடுக்கவில்லை. தானே போட்டுச் சாப்பிட்டார்.

நவம்பர் 27

மூன்று நாளாக மழை விடவில்லை. வாவி கரை தாண்டி வந்துவிட்டது. பள்ளத்து வீட்டுக்காரர்கள் பள்ளிக்கூடத்தில். கரண்ட் இல்லை.

மையவாடியின் பின்பக்கம் தாழ்வு. சின்னக் குழிகளெல்லாம் அந்தப் பக்கம்தான் வெட்டுவார்கள். எவ்வளவு ஆழமாக வெட்டியிருப்பார்கள், அவ்வளவு சின்னதுக்கு? யாரிடம் கேட்பது?

ஜிப்ரி முழங்காலளவு தண்ணீரில் மண்வெட்டியோடு போனார். வட்டையைப் பார்க்கப் போகிறாராம். வயலுக்குப் போகிற பாதையே தண்ணீருக்குள் கிடக்கிறது, எந்த வட்டையைப் பார்க்கப் போகிறார்?

டிசம்பர் 9

தாழ்ந்த வயல் முழுக்க அழுகிவிட்டது. மேட்டு வயல் மட்டும் பிழைத்திருக்கிறது. அழிந்த பயிரைப் பார்க்க ஆட்கள் வந்து எத்தனை ஏக்கர், எத்தனை நாள் பயிர் என்று கேட்டுப் பதிந்துகொண்டு போனார்களாம்.

நெல்லுக்காவது வந்து கேட்கிறார்கள்.

டிசம்பர் 14

ஒழுங்காக எழுதப் பார்க்கிறேன்.

முற்றத்துக்கு இந்தப் பக்கம் எனக்குச் சீதனமாகத் தந்த வீடு, அந்தப் பக்கம் உம்மாவும் தங்கச்சி றுமைஸாவும். அவளும் நானும் ஒரே நேரத்தில்தான் வயிற்றோடு இருந்தோம், அவள் ஒரு மாதம் முந்தி. அவளுக்கு இப்போது ஏழு தாண்டிவிட்டது. அவள் புருசன் இன்ஷாப் கட்டாரில், லீவு கிடைக்கவில்லை.

பின்னேரம் அங்கே போயிருந்தேன். போகாமல் இருந்தால் பொறாமை என்பார்கள். றுமைஸா காலை நீட்டிக்கொண்டு சொன்னாள்: "ராத்தா, ஸ்கேன்ல என்ன புள்ள எண்டு சொல்லல்ல. ரெண்டுக்கும் பொருந்துற பேர் ஒண்டு எடுத்துத் தாங்களேன். ஊருல இல்லாததா." தெரியாது என்று சொல்ல வாயெடுத்தேன். இறால் உடைத்துக்கொண்டிருந்த உம்மா தலை நிமிராமல் கேட்டா: "ஸுர்ஆ எண்டு ஒரு பேர் சொன்னியே மனே?"

"ஸுர்ஆவா! நல்லாரிக்கே! என்ன ராத்தா கருத்து?"

"விதைப்பு" என்றேன். நான்தான் சொன்னேன். என் வாய்தான்.

அவள் வயிற்றைத் தடவிக்கொண்டு, "ஸுர்ஆ, ஸுர்ஆக்குட்டி" என்று கூப்பிட்டாள். "இஞ்ச பாருங்க, புரளுது!" என்று என் கையைப் பிடித்து அங்கே வைத்தாள். புரண்டது.

குசினியில் உம்மாவைப் பிடித்தேன். "அது என்ட புள்ளைட பேரும்மா." உம்மாவின் கண்ணும் கலங்கித்தான் இருந்தது. "அவளுக்கிட்டச் சொல்லாத மனே, பயந்திருவாள். வீணாப் போற பேருதானே. பேராவது பொழைக்கட்டும்."

டிசம்பர் 15

வீணாப் போற பேரு.

ஜனவரி 6

சொல்லத்தான் போனேன். றுமைஸாவுக்கு பிரஷர் ஏறியிருக்கிறது, கால் வீங்கிக் கிடக்கிறாள். போனில் இன்ஷாப் அந்தப் பக்கமிருந்து, "ஸுர்ஆ என்ன செய்றாரு?" என்று கேட்கிறான். திரும்பி வந்துவிட்டேன்.

என்னத்தைச் சொல்வது? உயிரோடு வரப்போகிற பிள்ளைக்குப் பெயரைத் தரமாட்டேன் என்கிற ராத்தாவா நான்? அந்தப் பிள்ளை ஒரு பாவமும் செய்யவில்லை. ஆனால் என் பிள்ளையிடம் வேறு என்ன இருக்கிறது? படம் இல்லை, உடுப்பு இல்லை. முகம் எனக்கே தெரியாது. இருந்தது ஒரு பெயர். அதையும் எடுத்துக் கொடுத்துவிட்டால் பிறகு எதைச் சொல்லி துஆக் கேட்பேன்?

ஜிப்ரியிடம் சொல்லிப் பார்த்தேன். "றுமைஸா புள்ளைக்கி ஸுர்ஆ எண்டு வைக்கப் போறாங்களாம்." சாப்பிட்ட கை அப்படியே நின்றது. பிறகு சாப்பிட்டார். கல்யாணம் முடித்து ஆறு வருடமாகியும் உம்மா முன்னால் குரல் உயர்த்தாத மனுசன். இவரிடம் என்னத்தை எதிர்பார்க்கிறேன்?

ஜனவரி 28

றுமைஸாவுக்குப் பெண் பிள்ளை. இரண்டு பேரும் சுகம், அல்ஹம்துலில்லாஹ். தூக்கினேன். கனமாக இருந்தது. எல்லோரும் ஸுர்ஆ, ஸுர்ஆ என்கிறார்கள். என்னால் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட முடியவில்லை; "கிளி" என்று கூப்பிட்டேன்.

பெப்ரவரி 3

ஏழாம் நாள். முடி இறக்கிப் பெயர் வைக்கிற நாள்.

முன் ஹோலில் ஆம்பிளைகள். நாங்கள் அறைத் திரைக்குப் பின்னால். மவ்லவியின் மடியில் பிள்ளை, கதிரையில் சாய்த்து வைத்த போனில் இன்ஷாப். முடி விழுவதற்குத் தண்ணீர்ச் சட்டியை ஏந்திக்கொண்டு ஜிப்ரி. வீட்டு மூத்த மருமகன், அவருக்குத்தான் அந்த வேலை.

"என்ன பேர்?" என்று மவ்லவி கேட்டார்.

"ஸுர்ஆ மவ்லவி" என்றான் இன்ஷாப் போனில்.

"அந்தப் பேர் வேணாம்."

யார் சொன்னது என்று எனக்கு முதலில் விளங்கவில்லை. அந்தக் குரலை இந்த வீட்டில் நான் கேட்டதில்லை.

"என்ன மச்சான்? கேக்கல்ல" என்றான் இன்ஷாப்.

"அந்தப் பேருக்கு ஆள் இரிக்கி."

உம்மா திரையை விலக்கிக்கொண்டு, "மருமகன்…" என்றா. இவர் உம்மாவைப் பார்க்கவில்லை. சட்டியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். தண்ணீர் தளும்பிச் சாரத்தில் ஊற்றியது.

"ஆருக்கு?" என்று மவ்லவி மெதுவாகக் கேட்டார்.

"எங்கட புள்ளைக்கி. மையவாடியில இரிக்கிற புள்ளைக்கி."

அறைக்குள் றுமைஸா வாயைப் பொத்திக்கொண்டு அழ ஆரம்பித்தாள். "எனக்கேன் ராத்தா சொல்லல்ல? எனக்கேன் சொல்லல்ல?" அவள் கையைப் பிடித்தேன். வெளியே பிள்ளை வீறிட்டது. பாவம், பாதி முடி இறக்கிய தலையோடும் பெயர் இல்லாமலும்.

நான்தான் திரைக்கு இந்தப் பக்கமிருந்து சொன்னேன்: "நவால் எண்டு வைங்க. கொடை எண்டு கருத்து." எங்கிருந்து வந்ததோ தெரியாது. இத்தனை மாதத்துக்குப் பிறகு வாயில் வந்த ஒரு பெயர்.

நவால் என்றே வைத்தார்கள்.

பெப்ரவரி 4

ஜிப்ரியிடம் கேட்டேன், "நான் சொன்ன நேரம் கேட்டுக்கிட்டுத்தான் இருந்தீங்களா?"

சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "அடக்கின அண்டு பேர் இல்லாமத்தான் வெச்சிட்டு வந்தன். நீ பேர் சொன்ன கிழமை, ஜும்ஆ முடிஞ்சி மையவாடிக்குப் போய்ப் புள்ளைக்கிட்டச் சொன்னன். உம்மா உனக்குப் பேர் வெச்சிரிக்கா, ஸுர்ஆ எண்டு. அதுக்குப் பொறகு போகாம இரிக்க ஏலல்ல. வெள்ளத்தில மண் கரைஞ்சிருமோ எண்டு அண்டைக்கும் போனன். மண் போட்டு, கல்லு அடுக்கிட்டு வந்தன்."

அந்த வெள்ளிக்கிழமைகள். நான் சோறு போட்டுக் கொடுக்காத வெள்ளிக்கிழமை.

"ஏன் என்னட்டச் சொல்லல்ல?" என்றேன். "சொன்னா நீ கேப்பாய், எப்பிடி இரிந்திச்சி எண்டு" என்றார். அதற்குமேல் அவரால் முடியவில்லை. என்னாலும்தான்.

பெப்ரவரி 24

பிள்ளை பிறக்கும் என்று கிளினிக்கில் தந்த திகதி இன்று. மேட்டு வயலில் அறுவடை. இரண்டு பேரும் அதைப் பற்றிப் பேசவில்லை, ஆனால் இவர் இன்றைக்கு நேரத்தோடு வீட்டுக்கு வந்தார்.

மார்ச் 6

நோன்பு ஐந்து.

அஸர் தொழுகை முடிந்து பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். பள்ளிவாசல் ஸ்பீக்கரில் வழக்கம்போல அன்றைய கஞ்சி அறிவிப்பு. யாருடைய பெயரில் என்று சொல்வார்கள்; நான் கவனிப்பதில்லை. "இன்றைய நோன்புக் கஞ்சிக்கான அரிசி, ஜிப்ரி, நிஸ்றா ஆகியோரின் பிள்ளை ஸுர்ஆவின் பெயரில் வழங்கப்பட்டுள்ளது. அவர்களுக்காக துஆச் செய்துகொள்ளுங்கள்." இரண்டு தரம் சொன்னார்கள். தெரு முழுக்கக் கேட்டது. வாவிக்கரை வரைக்கும் கேட்டிருக்கும்.

இவர் என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. மேட்டு வயல் நெல் குற்ற மில்லுக்குப் போனது மட்டும்தான் எனக்குத் தெரியும்.

கொஞ்ச நேரத்தில் கஞ்சிச் சட்டியோடு பரீனா படலையடியில் நின்றாள். இடுப்பில் பிள்ளை, கடைசியில் அந்த அழகிய இளவரசியையேதான் வைத்திருக்கிறாள். "டீச்சர், நல்ல பேரா இரிக்கே. உங்களுக்குப் புள்ள இரிக்கி எண்டே எனக்குத் தெரியா. ஸுர்ஆ எண்டா ஆம்புளப் புள்ளயா, பொம்புளப் புள்ளயா?"

"தெரியாது பரீனா" என்றேன். "எங்கட புள்ள."