தெருவே சேர்ந்து கழுவிய மரங்கள்

அன்பு மகள் சின்னுவுக்கு அம்மா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம், உன் அப்பாவின் முகம் மட்டும் தொங்கிப்போயிருக்கிறது. நீயும் உன் கேமராக்காரப் பெண்ணும் வேளைக்குச் சாப்பிடுகிறீர்களா? போனில் பேசினால் அவர் அடுத்த அறையிலிருந்து காதைத் தீட்டிக்கொண்டு கேட்பார், அதனால்தான் எழுதுகிறேன்.

உப்பளத்துப் பறவைகள், சுரங்கத்து ஓடை என்று ஊரான் ஊரெல்லாம் போய்ப் படமெடுத்தவள் அடுத்த மாதம் நம் தெருவுக்கே வருகிறாள், நம் மரங்களை எடுக்கப்போகிறாள் என்று எதிர்வீட்டுத் தையல்காரம்மாவிடம் சொன்னேன். சிமெண்ட் தூசி படிந்திருப்பதால்தான் எடுக்கிறாய் என்பதைச் சொல்வதற்குள் அவள் தெருக்கோடிக்குப் போய்விட்டாள். விருந்தாளி வந்தால் வீட்டைக் கூட்டமாட்டோமா, அந்தக் கணக்கில் ஞாயிற்றுக்கிழமை தெருவே ரப்பர் குழாயோடு கிளம்பி எல்லா மரத்தையும் கழுவிவிட்டது. ஏணியைப் பிடித்தது யார் என்கிறாய், சாட்சாத் உன் அப்பாதான். சாயங்காலம் பார்த்தால் அத்தனையும் பச்சை. குடிவந்த நாளிலிருந்து வாசல் மரத்தடியில்தான் நிற்கிறேன், அதன் இலை இப்படிப் பளபளக்கும் என்று எனக்குத் தெரியாது. சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. உன் படம் கெட்டதென்று கவலைப்படாதே, அடுத்த ஞாயிறுக்குள் பழைய சாம்பல் நிறம் திரும்பிவிட்டது. உன் அப்பா ஒரு இலையை விரலால் துடைத்துப் பார்த்தார், விரலைச் சட்டையில் தேய்த்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

ஆனாலும் நீ கேட்டபடி அவர் கேமரா முன்னால் பேசமாட்டார். உண்ட வீட்டுக்கு ரெண்டகம் பண்ணச் சொல்றாளா என்று தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தார். அந்த சிமெண்ட் ஆலைச் சம்பளத்தில்தான் நீ படித்தாய், அவர் பக்கமும் நியாயம் இருக்கிறது. வீட்டுக்கு ஒருவர் அங்கே வேலையில் இருக்கும்போது தெருவில் வேறு யார் வாயைத் திறப்பார்கள்? இங்கிருந்து ஒருத்தராவது பேசாவிட்டால் படம் எடுபடாது என்று எழுதியிருந்தாய்.

அப்பாவைக் கேட்டாய், தையல்காரம்மா மகனைக் கேட்டாய், என்னை ஏன் கேட்கவில்லை? அவர் எட்டு மணி நேரம்தான் ஆலையில் இருக்கிறார். அந்தச் சட்டையை உதறி ஊறவைத்துத் துவைப்பது நான். முதல் அலசில் வாளியடியில் தங்குவதை அப்படியே விட்டால் காலையில் கல்லாக இறுகியிருக்கும், கத்தியால்தான் சுரண்டவேண்டும். என் இருமலைக் கேட்டுக் கேட்டு டாக்டருக்கே அலுத்துவிட்டது, நீ ஒரு நாளும் கேட்டதில்லை. கோபத்தில் சொல்லவில்லை, உள்ளதைச் சொல்கிறேன். நான் பேசுகிறேன், கேமராவை என் பக்கம் திருப்பு.

வரும்போது மூக்கை மூட நல்ல துணி எடுத்துக்கொண்டு வா, வழியில் வயிற்றைக் காயப்போடாதே. எடுத்த காரியம் நல்லபடியாக முடியும், என் ஆசி உனக்கு என்றும் உண்டு. அப்பாவிடம் நேற்றே சொல்லிவிட்டேன். ஷிப்டுக்குக் கிளம்பி வாசல் வரை போனவர் திரும்பி நின்று, மாடியில துணி காயப்போடுற இடத்துல உட்காரு, அங்கேருந்துதான் ஆலைப் புகைபோக்கி முழுசாத் தெரியும் என்றார்.

இப்படிக்கு,
அம்மா