கரிமேல் நட்ட வேப்பங்கன்று

மார்ச் 14, வெள்ளிக்கிழமை. பாலவாக்கம்.

இன்று இருந்தவர்கள்: மகன் ஏழுமலை, மருமகள் செல்வி, பேத்தி தாரணி, கம்ப்யூட்டர் கம்பெனியிலிருந்து வந்த கவிதா மேடம், நான்.

அந்தக் கம்பெனி கழித்துப் போடும் கம்ப்யூட்டர்கள் ஏழுமலையின் கொட்டகைக்குத்தான் வருகின்றன. மண்ணுக்குக் கேடில்லாமல் பிரிப்பதாக எழுதிக் கொடுத்திருக்கிறான். உண்மையில் கொட்டகைக்குப் பின்னால் ஒயரைக் குவித்து எரித்துத்தான் செம்பு எடுக்கிறான். அந்தப் புகையில் தாரணிக்கு வீசிங் வந்துவிட்டது. நேற்றும் உட்கார்ந்தபடியேதான் தூங்கினாள்.

மேடம் பார்வையிட வருகிறார் என்று காலையில் எரித்த இடத்தில் மணலைக் கொட்டி, ஒரு வேப்பங்கன்றையும் நட்டான். "நீ வாயத் தொறக்காத, இன்னா?" என்றான் என்னிடம்.

திறந்தேன். பெற்ற மகனைக் காட்டிக் கொடுத்தேன். "மேடம், இங்கதான் போட்டு எரிக்கிறான். கொயந்தைக்கு மூச்சு வுட முடியல" என்று காலால் மணலைத் தள்ளிக் காட்டினேன். அடியில் கரி தெரிந்தது. செல்வி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

மேடம் குனிந்து நன்றாகவே பார்த்தார். பிறகு, "அத மூடிடுங்க பாட்டி, போட்டோவுல கருப்பா தெரியும்" என்றார். கன்றுக்குத் தண்ணீர் ஊற்றிப் படம் எடுத்துக்கொண்டு, எல்லாம் சரியாக இருப்பதாகக் காகிதத்தில் கையெழுத்துப் போட்டார்.

சாயந்திரமே ஏழுமலை அடுத்த குவியலைக் கொளுத்திவிட்டான். கன்று சுவரோரம் கிடக்கிறது. என்னோடு அவன் பேசவில்லை. தாரணி இருமிக்கொண்டிருக்கிறாள். இனி யாரிடம் போய்ச் சொல்வது?

ஏழுமலையை என்றைக்காவது மன்னித்துவிடுவேன், வயிற்றில் சுமந்தவன். கரியைக் கண்ணால் பார்த்த பிறகும் கையெழுத்துப் போட்டவளை மன்னிக்க மாட்டேன். அவள் பெயர் கவிதா.